தோட்டா செய்தவரும் தண்ணீர் கேட்டவரும்

(நம் கல்விச் சங்கத்தின் வெள்ளி விழாக் கூட்டத்தில், ஆனையூரில் ஆற்றப்பட்ட உரை)

 

நம் சங்கம் 25 ஆண்டுகளை நிறைவு செய்து வெள்ளி விழாக் காண்கிறது. இத்தகைய விழாவில் கடந்து வந்த பாதையைச் சொல்வதும், உதவிய நல்லோரை நன்றியோடு நினைப்பதும் மரபு. அப்பணியை நமக்கு முன் பேசியவர்கள் செவ்வனே செய்துவிட்டார்கள். ஆகவே நாம் வேறொரு செய்தியை எடுத்துக்கொள்கிறோம். 19-ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த ஆங்கிலேயப் படை அதிகாரி ஒருவரின் வரலாறு அது. துப்பாக்கித் தோட்டாவைத் திருத்தி அமைத்தவர் அவர். கல்வி விழாவில் தோட்டாவுக்கு என்ன வேலை என்று சிலர் வியக்கலாம். காரணம் உண்டு, பொறுமையோடு கேட்க வேண்டுகிறோம்.

நம் மாலை வகுப்புக்கு வரும் மாணவர் ஒருவர், தொழிற்பயிற்சி நிலையத்தில் கடைசல் வேலை பயில்பவர், ஒரு நாள் இப்படிக் கேட்டார்: "ஐயா, பட்டறையில் நாங்கள் தொடும் கருவிக்கெல்லாம், அளவுக்கெல்லாம் ஒரு வெள்ளைக்காரர் பெயர் இருக்கிறது. நம்மவர் எவருமே எதையும் கண்டுபிடிக்கவில்லையா?" வகுப்பு அமைதியாயிற்று. அவர் குரலில் குறும்பு இல்லை; வருத்தம் இருந்தது. "எல்லாம் நம்மவர் கண்டுபிடித்தவையே" என்று பொய் சொல்லி அவரைத் தேற்ற நமக்கு மனம் வரவில்லை. "நமக்கு அந்த அறிவு இல்லை போலும்" என்று அவர் நினைத்துக்கொண்டு வீடு திரும்புவதையும் நாம் பொறுக்கவில்லை. ஒரு பொருளின் மீது ஒரு மனிதரின் பெயர் எப்படி ஏறுகிறது என்பதைக் காட்டுவதே நேர்மையான விடை என்று கருதினோம். இந்த உரை அந்த மாணவருக்கு நாம் சொல்லும் விடை.

மதுரைச் சமவெளியில் வாழும் நமக்கு இராணுவப் பொறியாளர் என்றதும் பென்னிகுவிக் நினைவுக்கு வருவார். 1895-இல் பெரியாற்று அணையை முடித்து, மேற்கே ஓடிய நீரைக் கிழக்கே திருப்பிய அந்தப் படைப் பொறியாளரை நம் உழவர்கள் இன்றும் வணங்குகிறார்கள். அவர் வாழ்ந்த அதே நூற்றாண்டில், அதே ஆங்கிலப் படையில் வாழ்ந்தவர்தான் எட்வர்ட் மவுனியர் பாக்ஸர். 1822-இல் பிறந்தார், 1839-இல், பதினேழாம் வயதில், பீரங்கிப் படையில் அதிகாரியானார். பீரங்கிப் படைக்கும் பொறியாளர் படைக்கும் உரிய அதிகாரிகள் இலண்டனை அடுத்த உல்விச் என்னுமிடத்தில் இருந்த இராணுவக் கலாசாலையில் கணிதமும் வேதியியலும் கற்றுத் தேர்ந்த பின்னரே பணிக்கு வருவது அக்கால வழக்கம். பெரும்பாலும் வசதி படைத்த வீட்டுப் பிள்ளைகளே அங்கே கால் வைக்க முடிந்தது.

அந்தக் கலாசாலையில் 1830 முதல் இருபது ஆண்டுகளுக்கு மேல் வேதியியல் கற்பித்தவர் யார் தெரியுமா? மைக்கேல் பாரடே. மின்சார இயலின் தந்தையருள் ஒருவர் எனப் போற்றப்படும் அவர் கொல்லர் ஒருவரின் மகன். வறுமையால் பள்ளிப் படிப்பு நின்றுபோய், புத்தகம் தைக்கும் கடையில் ஏழாண்டுகள் வேலை பழகியவர். தைக்க வந்த புத்தகங்களைப் படித்தே அறிவியலுக்குள் புகுந்தவர். ஆக, பிரபுக்களின் பிள்ளைகளுக்குப் பாடம் சொன்னவர் ஒரு கொல்லன் மகன்! அறிவு பிறப்பைக் கேட்டு வருவதில்லை என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டுமோ? ஆனால் ஒன்றையும் மறவாதீர். பாரடேயின் கையில் புத்தகம் வந்து விழுந்தது. அதைத் தொடக்கூடாது என்று அவரை எவரும் விலக்கவில்லை.

மீண்டும் பாக்ஸரிடம் வருவோம். 1855-இல் உல்விச் படைக்கலச் சாலையைச் சேர்ந்த அரச ஆய்வுக்கூடத்தின் கண்காணிப்பாளராக அவர் அமர்த்தப்பட்டார். ஆய்வுக்கூடம் என்றதும் கண்ணாடிக் குடுவைகளை எண்ண வேண்டாம். தோட்டாக்களும் வெடிகுண்டுத் திரிகளும் இலட்சக்கணக்கில் உருவான பெரும் தொழிற்சாலை அது. தோட்டாவுக்குத் தாள் சுருட்டுவது போன்ற வேலைகளில் அங்கே சிறுவர்களும் அமர்த்தப்பட்டிருந்தார்கள். சிவகாசித் தீப்பெட்டிக்கும் பட்டாசுக்கும் சிறு விரல்கள் உழைத்த காலத்தை அறிந்த நம் பெரியோர்க்கு அந்தக் காட்சியை விளக்க வேண்டுவதில்லை.

அக்காலத் துப்பாக்கி வாய்வழியே மருந்திடும் துப்பாக்கி. தோட்டா என்பது தாளால் சுற்றிய ஒரு பொட்டலம். உள்ளே ஒரு குண்டும் அதற்கு வேண்டிய வெடிமருந்தும் இருக்கும். சிப்பாய் அதன் நுனியைப் பல்லால் கடித்துக் கிழித்து, மருந்தைக் குழலின் வாயில் கொட்டி, குண்டை இட்டு, நீண்ட கம்பியால் கெட்டிக்க வேண்டும். குண்டு வழுக்கி இறங்கும் பொருட்டுத் தாளின் மீது கொழுப்புத் தடவப்பட்டிருக்கும். தேர்ந்த கைக்கும் நிமிடத்துக்கு மூன்று முறைக்கு மேல் சுடுவது அரிது.

பாக்ஸர் இதை மாற்றினார். 1866-இல் அவர் அமைத்த தோட்டாவில் மெல்லிய பித்தளைத் தகட்டைச் சுருட்டிய கூடு இருந்தது. அடிப்பாகத்தின் நடுவே 'கேப்பு' எனப்படும் சிறு கிண்ணம். அதற்குள்ளே கொல்லன் பட்டடையைப் போன்ற ஒரு சிறு தாங்கி. துப்பாக்கியின் ஊசி கேப்பின் மேல் அடித்ததும் அதிலுள்ள மருந்து பட்டடையில் நசுங்கிப் பொறியாகிறது. பொறி நடுத்துளை வழியே உள்ளே பாய்ந்து வெடிமருந்தைப் பற்றவைக்கிறது. கடிக்க வேண்டாம், கொட்ட வேண்டாம், கெட்டிக்க வேண்டாம். பின்புறம் திறந்து தோட்டாவை இட்டு மூடினால் போதும். சினைடர் துப்பாக்கியில் இதை இட்டு நிமிடத்துக்குப் பத்து முறை சுட முடிந்தது. அவர் வகுத்த அந்தக் கேப்பு முறை 'பாக்ஸர்' என்ற பெயரோடு இன்றும் உலகெங்கும் வழக்கில் உள்ளது. 1898-இல் அவர் மறைந்தார், பெயர் மறையவில்லை.

கொல்லும் கருவியைச் செய்தவரைப் புகழ்வது நம் நோக்கமன்று. அந்தத் தோட்டாக்கள் ஆசியாவிலும் ஆப்பிரிக்காவிலும் எளிய மக்களின் மார்பைத் துளைத்தன. ஆனால் அதே மனிதர் 1865-இல் மற்றொன்றும் செய்தார். புயலில் சிக்கிக் கரையருகே உடையும் கப்பலுக்குக் கயிற்றைக் கொண்டு சேர்க்கும் இரட்டை வாணம் அது. ஒரு வாணம் எரிந்து முடியும் தறுவாயில் அதற்குள்ளிருக்கும் மற்றொரு வாணம் மூண்டு இன்னும் தொலைவு செல்லும். பல தலைமுறைகளாக அது மாலுமிகளின் உயிரைக் காத்தது. மருந்து ஒன்றே, கொல்வதும் காப்பதும் அதை ஏவும் மனிதரின் கருத்தே.

இனி, இந்தப் பெயருக்குப் பின்னால் மறைந்து நிற்பவர்களைப் பார்ப்போம்.

அந்த வாணத்தின் முன்னோர் எவர்? ஐதர் அலியின் படையும் திப்புவின் படையும் ஏவிய இரும்புக்குழல் வாணங்கள். 1780-இல் காஞ்சிபுரத்தை அடுத்த பொள்ளிலூரில் ஆங்கிலேயரை நடுங்க வைத்தவை அவை. 1799-இல் சீரங்கப்பட்டணம் வீழ்ந்தபின் உல்விச்சுக்குக் கொண்டுசெல்லப்பட்டன. அங்கே அவற்றை ஆராய்ந்து வில்லியம் காங்கிரீவ் தம் வாணத்தைச் செய்தார். அதன் வழி வந்ததே பாக்ஸரின் வாணம். காங்கிரீவின் பெயர் நூல்களில் இருக்கிறது. அந்த இரும்புக் குழலை அடித்த மைசூர்க் கொல்லரின் பெயர் எங்கே?

சுடும்போது விரிந்து குழலை இறுகப் பற்றும் குண்டைப் பற்றியும் ஒரு செய்தி வழங்குகிறது. நார்ட்டன் என்ற ஆங்கிலப் படைத்தலைவர் தென்னிந்தியாவில் இருந்தபோது, வேட்டையாடுவோர் ஊதுகுழலில் இட்டு ஊதும் அம்பைப் பார்த்தாராம். அதன் அடியில் தாமரைத் தண்டின் மென்மையான உட்பகுதி கட்டப்பட்டிருந்தது. ஊதியதும் அது விரிந்து குழலை அடைத்து, மூச்சுக் காற்று வீணாகாமல் அம்பைச் செலுத்தியது. அதைக் கண்டே அடிப்பாகம் குழிந்த குண்டை அவர் எண்ணினார் என்பர். நார்ட்டனின் பெயர் நிலைத்தது. ஊதியவரின் பெயர் காற்றோடு போயிற்று.

வெடிமருந்தின் முக்கால் பங்கு வெடியுப்பு. உவர் மண்ணைச் சுரண்டி, கரைத்து, காய்ச்சி அந்த உப்பை எடுத்தவர்கள் பீகாரில் நோனியர், நம் தமிழகத்தில் உப்பிலியர் முதலான உழைக்கும் மக்கள். அவர்கள் கை இல்லையேல் உல்விச்சும் இல்லை, பாக்ஸரும் இல்லை.

இப்போது இந்த உரையின் நடுப்புள்ளிக்கு வருகிறோம். அது 1857 சனவரி மாதம். கல்கத்தாவை அடுத்த டம்டம்மில் என்பீல்டு என்னும் புதிய துப்பாக்கிக்குப் பயிற்சி நடந்துகொண்டிருந்தது. அதற்குரிய தாள் தோட்டாவின் அமைப்பு உல்விச்சிலிருந்து வந்தது. அப்போது அங்கே பொறுப்பில் இருந்தவர் பாக்ஸர். கொழுப்புத் தடவும் வேலையோ இங்கே நடந்தது. அது எந்த விலங்கின் கொழுப்பு என்பதை எவரும் உறுதி செய்துகொள்ளவில்லை.

அந்தப் படைக்கலச் சாலையில் 'கலாசி' எனப்பட்ட கூலித் தொழிலாளி ஒருவர், ஒரு பிராமணச் சிப்பாயிடம் அவர் செம்பிலிருந்து குடிக்கத் தண்ணீர் கேட்டார். செம்பு தீட்டாகிவிடும் என்று சிப்பாய் மறுத்தார். இத்தனை சாதி பார்க்கிறீரே, பசுவின் கொழுப்பும் பன்றியின் கொழுப்பும் தடவிய தோட்டாவைப் பல்லால் கடிக்கும்போது உம் சாதி எங்கே போகும் என்னும் பொருள்படக் கலாசி திருப்பிக் கேட்டார். ரைட் என்ற ஆங்கில அதிகாரி இதைத் தம் மேலதிகாரிக்கு எழுதினார். செய்தி பாசறைதோறும் பரவியது. அந்த ஆண்டு வடநாடு எரிந்தது. அதற்குக் காரணங்கள் பல. ஆனால் முதற் பொறிகளுள் ஒன்று ஒரு மிடறு தண்ணீர் மறுக்கப்பட்ட இடத்தில் பறந்தது.

அந்த அறிக்கையில் சிப்பாயின் படைப்பிரிவு இருக்கிறது. கலாசியின் பெயர் இல்லை. படைக்கலச் சாலையின் கலாசி என்ற அடையாளம் மட்டுமே இருக்கிறது. வடநாட்டுத் தலித் மக்கள் பிற்காலத்தில் அவரை மாதாதீன் என்று பெயரிட்டுப் போற்றி வருகிறார்கள். எழுதியவர்கள் விட்ட பெயரை மக்கள் தம் நெஞ்சில் எழுதிக்கொண்டார்கள்.

இளைஞர்களே, எண்ணிப் பாருங்கள். ஒரே தோட்டா. அதன் ஒரு முனையில் உல்விச்சின் அதிகாரி. மறு முனையில் டம்டம்மின் தொழிலாளி. தோட்டாவில் என்ன சேர்கிறது என்பது இருவருக்கும் தெரியும். அதிகாரிக்கு ஏட்டின் வழியே தெரியும். தொழிலாளிக்குக் கையின் வழியே தெரியும். ஒருவர் தம் அறிவைக் கொண்டு அடுத்த பத்தாண்டில் புதிய தோட்டா செய்தார். மற்றவருக்குத் தம் அறிவைக் கொண்டு ஒரு சொல் மட்டுமே சொல்ல முடிந்தது. இடையே இருந்த வேறுபாடு மூளையில் இல்லை. பள்ளி, பட்டறை, பதிவு என்ற மூன்றில் இருந்தது. கற்பதற்குப் பள்ளி, செய்து பார்ப்பதற்குப் பட்டறை, செய்ததைத் தன் பெயரால் எழுதி வைப்பதற்குப் பதிவு. பாக்ஸருக்கு மூன்றும் வாய்த்தன. கலாசிக்குப் பட்டறையின் புழுதி மட்டுமே வாய்த்தது. தண்ணீர்ச் செம்பே கிடைக்காதவருக்கு ஏடு எங்கிருந்து கிடைக்கும்?

நம் தமிழ் மண்ணின் கதையும் இதுவே. 1780-இல் தோன்றிய சென்னைப் படைப் பொறியாளர் பிரிவு, பிற்காலத்தில் 'சாப்பர்ஸ்' என்று பெயர் பெற்றது. அதில் நம் பறையர் குல மக்கள் பெருந்தொகையாகச் சேர்ந்தார்கள். பாலம் கட்டினார்கள், சுரங்கம் தோண்டினார்கள், சீனத்துக்கும் பாரசீகத்துக்கும் கடல் கடந்தார்கள். 1868-இல் அபிசீனியப் போருக்குச் சென்ற படையிலும் அவர்கள் இருந்தார்கள். பாக்ஸரின் தோட்டா முதன்முதலாகப் போர்க்களம் கண்டதும் அங்கேதான். ஆனால் சினைடர் துப்பாக்கியும் புதிய தோட்டாவும் வெள்ளைச் சிப்பாய்களுக்கே தரப்பட்டன. இந்தியக் காலாட்படையினர் பழைய வாய்வழித் துப்பாக்கியையே சுமந்தார்கள். 1857-க்குப் பின் இந்தியர் கையில் எப்போதும் ஒரு படி பழைய ஆயுதமே இருக்க வேண்டும் என்பது அரசின் கொள்கை. அறிவின் பயன் யாருக்குத் தரப்படும் என்பதையும் அதிகாரமே முடிவு செய்தது.

ஆயினும் படை நமக்கு ஒன்று தந்தது. அது துப்பாக்கியன்று, எழுத்து. பம்பாய்ப் படையில் மகர் சிப்பாய்களும் அவர்தம் பிள்ளைகளும் படைப் பள்ளிகளில் எழுத்தறிந்தார்கள். அப்படிக் கற்றுச் சுபேதாராகி, இராணுவப் பள்ளியின் தலைமை ஆசிரியராகவும் விளங்கியவர் இராம்ஜி சக்பால். 1891-இல் மாவ் இராணுவக் குடியிருப்பில் அவருக்குப் பிறந்த பிள்ளையே அண்ணல் அம்பேத்கர். தந்தை கற்ற எழுத்து, மகன் கையில் நாட்டின் அரசியல் சட்டமாக மலர்ந்தது!

அந்தக் கதவும் நெடுநாள் திறந்திருக்கவில்லை. 'போர்க்குலம்' என்றொரு கட்டுக்கதையைக் காட்டி, 1890-களின் தொடக்கத்தில் மகர்களைப் படையில் சேர்ப்பதை ஆங்கில அரசு நிறுத்திற்று. தென்னாட்டுப் படைப்பிரிவுகளும் குறைக்கப்பட்டன. தலைமுறை தலைமுறையாகக் குருதி சிந்தியவர்கள் ஒரே ஆணையில் வெளியே நின்றார்கள். ஓய்வு பெற்ற படைவீரரான கோபால் பாபா வலங்கர் 1894-இல் அதனை எதிர்த்து விண்ணப்பம் எழுதினார். எழுத்தறிந்திருந்ததால் எழுதினார் என்பதைக் கவனியுங்கள். பிறர் திறக்கும் கதவைப் பிறரே மூடவும் முடியும். கற்ற எழுத்தை எவராலும் திரும்பப் பெற முடியாது.

அதே ஆண்டுகளில் நம் முன்னோர் வேறு கதவைத் தட்டினார்கள். அயோத்திதாசப் பண்டிதர் மாநாடு கூட்டித் தீர்மானம் எழுதினார். இரட்டைமலை சீனிவாசன் 1893-இல் 'பறையன்' என்ற பெயரிலேயே இதழ் தொடங்கினார். பிறர் இழிவாகச் சொன்ன பெயரை அச்சிலேற்றித் தலை நிமிர்ந்தார். அந்த 1893-இல்தான் பஞ்சமர் கல்விக்கெனச் சென்னை அரசு தனி ஆணை பிறப்பித்தது. ஒருபுறம் படையின் கதவு மூட, மறுபுறம் பள்ளியின் கதவு சிறிதே திறந்தது. இன்று நாம் அமர்ந்திருக்கும் இந்தப் பந்தல், அந்தச் சிறு இடுக்கின் வழியே வந்த வெளிச்சத்தில் போடப்பட்டது என்றால் மிகையாகாது.

ஆகவே அந்த மாணவருக்கு நாம் சொல்லும் விடை இது: தம்பி, நம்மவரிடம் அறிவு இருந்தது. கிணற்று வேலையில் பாறைக்குத் தமரடித்து வெடி வைத்த நம் ஊர்ப் பெரியவர்களைக் கேட்டுப் பார். கல்லைத் தட்டிய ஓசையிலேயே அது எந்தப் பக்கம் பிளக்கும் என்று சொல்வார்கள். எத்தனை பிடி மருந்து, எத்தனை விரற்கடைத் திரி, திரியில் நெருப்பு வைத்தபின் எத்தனை எட்டில் மேலேற வேண்டும் என்பதெல்லாம் அவர்கள் விரல் நுனியில் இருந்தன. தப்பிய கணக்குக்குக் கையையும் கண்ணையும் விலையாகக் கொடுத்தவர்களும் உண்டு. உல்விச்சில் அது வேதியியல் எனப்பட்டது. நம் கிணற்றில் அது கூலி வேலை எனப்பட்டது. பெயர் ஏறாமற் போனதற்குக் காரணம், எழுதுகோலை நம் கையிலிருந்து விலக்கி வைத்தார்கள் என்பதே.

இனி செய்ய வேண்டுவது யாது? மூன்று வேண்டுகோளை இளைஞர் முன் வைக்கிறோம். முதலாவது, எடுத்த படிப்பை இடையில் விடாதீர்கள். பாரடேக்குப் புத்தகக் கடை கிடைத்ததுபோல உங்களுக்கு இந்தச் சங்கத்தின் படிப்பகம் இருக்கிறது. இரண்டாவது, கைத்தொழிலை இழிவாக எண்ணாதீர்கள். ஆனால் கையோடு நின்றுவிடாதீர்கள். கருவி ஏன் அப்படி இயங்குகிறது என்று கேளுங்கள். குறை கண்டால் திருத்திப் பாருங்கள். திருத்தியதை வரைந்து, தேதியிட்டு, பெயரெழுதி வையுங்கள். மூன்றாவது, வீட்டிலுள்ள பெரியவர்களிடம் அமர்ந்து அவர்தம் தொழிலறிவைக் கேட்டு எழுதுங்கள். அதற்கென ஒரு தனி ஏடு திறக்கச் சங்கம் இசைய வேண்டுமெனப் பொதுக்குழுவைக் கேட்டுக்கொள்கிறோம். அதன் முதற் பக்கத்தில் நம் கிணற்று வேலைப் பெரியவர்களின் பெயர்கள் இடம் பெறட்டும்.

நிறைவாக ஒன்று. நம் சங்கம் தொடங்கிய நாளின் பதிவேடு இதோ மேடையில் இருக்கிறது. முதற் பக்கத்தில் கையெழுத்துகள் சில, கைநாட்டுகள் பல. மை படிந்த அந்தக் கட்டைவிரல்களுக்கு உரியவர்கள் தம் பெயரை எழுதத் தெரியாதவர்கள்; ஆனால் தம் பிள்ளைகளின் பெயர் எழுதப்பட வேண்டும் என்று தெரிந்தவர்கள். இவ்வாண்டின் பக்கத்தைப் புரட்டிப் பார்த்தோம். அதில் ஒரு கைநாட்டும் இல்லை. இந்த வெள்ளி விழாவின் பெருமை அந்த ஒரு பக்கத்தில் அடங்கும்.

அன்று ஒருவர் தண்ணீர் கேட்டார், மறுக்கப்பட்டார். அவர் பெயரையும் எழுதாமல் விட்டார்கள். இனி நம்மில் எவர் பெயரும் விடுபடாதிருக்க, நாமே எழுதுவோம், நம் பிள்ளைகளை எழுத வைப்போம்.

வாழ்க நம் சங்கம்! வளர்க கல்வி!